ஆறு வருஷம் போதாதா?

"எத்தனை வருஷம் நடந்தது?" என்று கேட்பது நம்மவர்களுக்கு ஒரு வழக்கமாகிவிட்டது. பத்திரிகையைப் பற்றிப் பேச்சு வந்தாலும் சரி, நாடகக் கம்பெனியைப் பற்றி வந்தாலும் சரி, சங்கீதக் கோஷ்டியைப் பற்றி வந்தாலும் சரி, முதலில் ஆயுளைத்தான் விசாரிக்கிறார்கள். ஐம்பது வருஷம் என்று சொன்னால் கன்னத்தில் போட்டுக்கொள்கிறார்கள். ஐந்து வருஷம் என்று சொன்னால், "ஐயோ பாவம், அற்பாயுசு!" என்று சூள் கொட்டுகிறார்கள். அந்த ஐந்து வருஷத்தில் என்ன செய்தார்கள் என்ற கேள்வி அதற்கு அப்புறம்தான் பிறக்கிறது. பல சமயங்களில் பிறப்பதே இல்லை.

மாட்டுக்கும் மோட்டாருக்கும் இந்த விசாரணை பொருந்தும். கலைக்குப் பொருந்தாது என்று நான் சொல்கிறேன். சும்மா சொன்னால் யாரும் ஒப்புக்கொள்ள மாட்டார்கள், உதாரணம் வேண்டும். உள்ளூர் உதாரணம் காட்டினால், "இவருக்கு வேண்டியவர்கள், அதனால் பேசுகிறார்" என்று ஒரு கட்சியும், "வேண்டாதவர்கள், அதனால் விட்டுவிட்டார்" என்று இன்னொரு கட்சியும் கிளம்பும். ஆகையால் நமக்கு மாமன் மச்சான் உறவு எதுவும் இல்லாத ஸ்வீடன் தேசத்துக்குப் போகிறேன். அங்கே 1977-இல் பிறந்து 1983-இல் முடிந்துபோன ஒரு பாட்டுக் கோஷ்டி இருந்தது. அதன் பெயர் எப்பா க்ரோன்.

அவர்கள் பாடியது 'பங்க் ராக்' என்ற வகை. பங்க் என்ற சொல்லுக்கு உதவாக்கரை, போக்கிரி என்றெல்லாம் பொருள். திட்டுவதற்கு வைத்திருந்த சொல்லையே எடுத்து மார்பில் குத்திக்கொண்டு மேடை ஏறிய வாலிபர்களின் சங்கீதம் அது. கிட்டாரில் மூன்று விதமாக விரல் பிடிக்கத் தெரிந்தால் போதும், பாட ஆரம்பிக்கலாம் என்பது அவர்களுடைய சித்தாந்தம். பாட்டு இரண்டு மூன்று நிமிஷத்தில் முடிந்துவிடும். ஆலாபனைக்கு அங்கே இடமில்லை. லண்டனில் இதற்குப் பேர் வாங்கிய செக்ஸ் பிஸ்டல்ஸ் கோஷ்டி 1977 ஜூலை மாதத்தில் ஸ்வீடனுக்கு வந்து ஊர் ஊராகப் பாடிவிட்டுப் போயிற்று. அந்த வருஷத்திலேயே ஸ்டாக்ஹோம் நகரத்தின் தெற்கே, ரோக்ஸ்வேத் என்ற புறநகரில், மூன்று பேர் கூடினார்கள். பாடிக்கொண்டே கிட்டார் வாசித்தவர் யோவாக்கிம் தோஸ்ட்ரோம். 1957-இல் பிறந்தவர், அப்போது வயது இருபது. பேஸ் கிட்டார் லெனார்ட் எரிக்ஸன். அவரை எல்லாரும் ஃபியோதர் என்றே அழைத்தார்கள். டிரம் வாசித்தவர் குன்னார் யுங்ஸ்டெட். செல்லப் பெயர் குர்ரா.

எப்பா என்பது அங்கே பெண்களுக்கு வைக்கும் பெயர். க்ரோன் என்றால் பச்சை. பச்சையம்மன் போல் ஏதோ சாதுவான பெயர் என்று நினைத்துவிட வேண்டாம். 1975-இல் ஸ்டாக்ஹோமில் இருந்த மேற்கு ஜெர்மன் தூதராலயத்தைப் பயங்கரவாதிகள் பிடித்தார்கள். உயிர்ச் சேதம் ஆயிற்று. பிடிபட்டவர்கள் ஜெர்மனிக்கு அனுப்பப்பட்டார்கள். அதற்குப் பழி வாங்க, அப்போது மந்திரியாக இருந்த அன்னா கிரேட்டா லேயோன் என்ற அம்மையாரைக் கடத்த நோர்பர்ட் க்ரோகர் என்ற ஜெர்மானியர் திட்டம் போட்டார். 1977-இல் அவரையும் கூட்டாளிகளையும் வளைத்துப் பிடித்த போலீஸ் நடவடிக்கைக்கு வைத்திருந்த சங்கேதப் பெயர்தான் எப்பா க்ரோன். பத்திரிகைகளில் அடிபட்ட அந்தப் போலீஸ் பெயரைப் பையன்கள் தங்கள் கோஷ்டிக்குச் சூட்டிவிட்டார்கள். சர்க்காரின் வாயிலிருந்து விழுந்த வார்த்தையைப் பொறுக்கிச் சர்க்காரைப் பார்த்தே பாடுவது என்பது, பெயர் சூட்டும் போதே ஆரம்பமாகிவிட்டது.

ரோக்ஸ்வேத் ஒன்றும் சேரி அல்ல. 1950-களில் திட்டம் போட்டுக் கட்டிய குடியிருப்பு. 1959-இல் சுரங்க ரயிலும் அங்கே வந்துவிட்டது. வெந்நீர் வரும் குழாய், பள்ளிக்கூடம், வைத்திய வசதி எல்லாம் இருந்தன. ஸ்வீடனில் நகரசபைகளே குழந்தைகளுக்குச் சங்கீதப் பள்ளி நடத்தின. நாலு பேர் கூடி வாத்தியம் பழகினால், அதை ஒரு படிப்பு வட்டம் என்று கணக்கில் எழுதிச் சர்க்கார் மானியத்தில் அறை கொடுக்கும் ஸ்தாபனங்களும் இருந்தன. 1974-இல் அந்நாட்டுப் பார்லிமெண்டு ஏற்றுக்கொண்ட கலாசாரக் கொள்கையில், வியாபாரத்தினால் கலைக்கு விளையும் கேடுகளை எதிர்ப்பது சர்க்காரின் நோக்கங்களில் ஒன்று என்றே எழுதியிருக்கிறது. எந்த நாட்டுச் சர்க்காரும் கண்ணாடி முன் நின்று பார்த்து மகிழக்கூடிய வாசகம்தான்.

இங்கேதான் முதல் ஆட்சேபம் எழுகிறது. "இவ்வளவும் கொடுத்த சர்க்காரைத் திட்டிப் பாடினார்களே, நன்றி கெட்டவர்கள் இல்லையா?"

நான் கேட்கிறேன்: சோறு போட்டவர் முன்னால் வாயைத் திறக்கக் கூடாது என்றால், அது சோறா, வாய்க்குப் போடும் பூட்டா? ரோக்ஸ்வேத்தில் ஓவாசன் என்று ஓர் இடம் இருந்தது. பாலைவனச் சோலை என்று அதற்குப் பொருள். வாலிபர்கள் கூடவும் பாட்டுக் கேட்கவும் இருந்த இடம். அது இல்லாமல் போகும் நிலை வந்தபோது, 1979-இல் வாலிபர்கள் அந்த இடத்தை ஆக்கிரமித்து உட்கார்ந்துகொண்டார்கள். போலீஸ் வந்து வெளியேற்றியது. எப்பா க்ரோன் அந்தக் கூட்டத்தோடு நின்ற கோஷ்டி. படுக்க வீடு கொடுத்தவர்கள், மாலை நேரத்தில் நாலு பேர் கூடிச் சத்தம் போட ஓர் இடம் கொடுக்க யோசித்தார்கள். திட்டம் போட்டுக் கட்டும் ஊர்களில் எல்லாம் இது நடக்கிறது. சமையலறைக்கு எத்தனை அடி என்று வரைபடத்தில் எழுதியிருக்கும். இருபது வயதுப் பையன் கோபத்தைக் கொண்டுபோய் எங்கே இறக்கி வைப்பது என்று எழுதியிருக்காது. அதை அவர்கள் பாட்டில் எழுதினார்கள். நன்றி கெட்ட வேலையாக எனக்கு அது தோன்றவில்லை. வரைபடத்தில் விட்டுப்போனதைச் சேர்த்துக் கொடுத்த வேலையாகத்தான் தோன்றுகிறது.

அதிலும் தங்கள் சொந்த பாஷையில் எழுதினார்கள். 1974-இல் அப்பா கோஷ்டி ஐரோப்பியப் பாட்டுப் போட்டியில் ஜெயித்து உலகமெல்லாம் புகழ் பெற்றது. அவர்கள் பாடிப் புகழ் கண்டது இங்கிலீஷில். வெளியூரில் விலை போக வேண்டுமானால் அதுதான் வழி. எப்பா க்ரோன் தங்கள் முதல் பெரிய இசைத்தட்டுக்கு இங்கிலீஷில் பெயர் வைத்தார்களே தவிர (அதுவும் ஃபிராங்க் ஸாப்பாவின் பழைய இசைத்தட்டு ஒன்றின் பெயரைக் கேலி செய்வதற்காக), பாடியது ஸ்வீடிஷ் மொழியில். ஸ்டாக்ஹோமின் தெற்குப் புறநகரில் சுரங்க ரயிலுக்குக் காத்து நிற்கும் பையனுக்கு விளங்க வேண்டும், அவ்வளவுதான் கணக்கு. அப்போது ஒரு கோடிப் பேர்கூட இல்லாதிருந்த தேசத்தில், தேசத்து மொழியிலேயே பாடியவன் நீண்ட ஆயுளுக்கும் பெரிய சந்தைக்கும் ஆசைப்பட்டவன் அல்ல என்பது தெரிகிறதல்லவா?

அவர்கள் செய்த வேலையின் ஜாபிதா சின்னது. 1978-இல் 'ஆன்டிராக்', 'ப்ராஃபிட்' என்று இரண்டு சிறு தட்டுகள். 1979-இல் முதல் பெரிய இசைத்தட்டு. 1981-இல் 'காதலும் கலகமும்' என்று பொருள்படும் இரண்டாவது. 1982-இல் கோஷ்டியின் பெயரையே தலைப்பாகக் கொண்ட மூன்றாவது. பெரிய தட்டுகளை வெளியிட்டது மிஸ்ட்லூர் என்ற சிறிய கம்பெனி. இவை தவிர, நடுவில் வந்த சில சிறு தட்டுகள். ஒரு கை விரல்களில் எண்ணி, மறு கையில் பாதியில் நிறுத்திவிடலாம்.

அந்தச் சிறு தட்டுகளில் ஒன்று 1980-இல் வந்த 'அரசும் மூலதனமும்'. அதன் கதை எனக்கு மிகவும் பிடித்தமானது. அந்தப் பாட்டு அவர்களுடையதே அல்ல. நீல ரயில் என்று பொருள்படும் ப்ளோ டோகெத் என்ற இடதுசாரிக் கோஷ்டி 1972-இல் வெளியிட்டது. எழுதியவர் லெய்ஃப் நிலேன். 'ஒரு கை செய்வது மறு கைக்குத் தெரியும்' என்பது அப்போது அதற்கு இருந்த தலைப்பு. அரசும் முதலாளியும் எதிரிகள் போல் தோன்றினாலும் கூட்டாளிகள்தான் என்பது கருத்து. 1970-களின் ஆரம்பத்தில் வளர்ந்த அந்த இடதுசாரி இசை இயக்கத்தைப் பார்த்து, "தாடி வளர்த்த அண்ணன்மார்களின் பஜனை" என்று பங்க் பையன்கள் முகம் சுளிப்பது சகஜம். ஆனால் எப்பா க்ரோன் அந்த அண்ணன்மார் வீட்டுப் பாட்டையே எடுத்து, வேகத்தைக் கூட்டி, தொண்டை கிழியப் பாடினார்கள். எட்டு வருஷத்துக்கு முந்திய பாட்டு, புதிதாகப் பிறந்த பாட்டாகத் தேசம் முழுக்கத் தெரிந்துவிட்டது.

நம் வீட்டுப் பெண்களுக்கு இந்த ரகசியம் நன்றாகத் தெரியும். நேற்றைய தயிரைப் பத்து வருஷம் காப்பாற்றி வைக்க யாரும் முயற்சி செய்வதில்லை. அதிலிருந்து ஒரு கரண்டி எடுத்து இன்றைய பாலில் உறை குத்துகிறார்கள். தயிர் ஒரு நாளில் தீர்ந்துபோகிறது. உறைமோர் தலைமுறை தலைமுறையாகத் தொடர்கிறது. ஸ்வீடிஷ் பங்க் கோஷ்டிகள் பெரும்பாலும் அற்பாயுசுக்காரர்கள்தான். தென் பகுதியில் தோன்றிய கிரிமினெல்லா கிட்டாரர், 1978-இல் 'கண்ணியமான உடை' என்று தலைப்பிட்ட ஒரு தட்டை வெளியிட்டது. அங்கே வெளிவந்த முதல் பங்க் தட்டுகளில் ஒன்றாக அதைச் சொல்கிறார்கள். அந்தக் கோஷ்டி சீக்கிரமே கலைந்தது. ஆனால் அதில் இருந்த ஸ்ட்ரீ தெராரியே என்பவர் பிற்பாடு எப்பா க்ரோனில் வந்து சேர்ந்தார். எப்பா க்ரோன் கலைந்தது. அதிலிருந்து இம்பேரியெத் என்ற கோஷ்டி கிளம்பியது. கலைந்தது, கலைந்தது என்று கணக்கு எழுதுகிறவர்கள், ஒவ்வொரு தடவையும் ஒரு கரண்டி எடுத்து வைக்கப்பட்டது என்பதை எழுதுவதில்லை.

இம்பேரியெத் பிறந்த விதமும் சொல்லத் தக்கது. ஸ்வீடனில் அப்போது வாலிபர்களுக்குக் கட்டாய ராணுவ சேவை உண்டு. டிரம் வாசித்த குர்ரா அதற்கு மறுத்தார். சிறைக்கு அனுப்பினார்கள். அவர் உள்ளே இருந்த காலத்தில் மற்றவர்கள் சும்மா உட்காராமல், வேறு பெயரில், வேறு மாதிரியான இசையை முயன்று பார்த்தார்கள். விளையாட்டாக ஆரம்பித்த அந்த முயற்சிதான் பிறகு இம்பேரியெத் ஆயிற்று. ஒருவர் தம் கொள்கைக்காகச் சிறையில் இருந்த காலம், மற்றவர்களுக்குப் புதிய பாதையைக் காட்டிவிட்டது. பழைய பெயரின் ஆயுள் குறைந்ததற்கு இதுவும் ஒரு காரணம். இதில் இரக்கப்பட என்ன இருக்கிறது?

இரண்டாவது ஆட்சேபம் இன்னும் கனமானது. "அவர்கள் வன்முறையைப் பாடவில்லையா?" பாடினார்கள். 'ஆயுதம் தாங்குங்கள்' என்று ஒரு பாட்டுக்குத் தலைப்பே இருக்கிறது. அந்தப் பாட்டுக்கு வக்காலத்து வாங்க நான் வரவில்லை. கோபம் வேறு, கொலை வேறு என்று எனக்குத் தெரியும்; அவர்களுக்கும் தெரிந்திருக்கும் என்று நம்புகிறேன். ஆனால் அதே மனிதர்களில் ஒருவர்தான் துப்பாக்கி தூக்க மாட்டேன் என்று சிறைக்குப் போனார். அந்த முரண்பாட்டை நான் மறைக்கவில்லை. முரண்பாடே இல்லாத இருபது வயதுக்காரனை யாராவது கண்டிருந்தால் எனக்குக் காட்டட்டும். ஆயுள் குறைவு என்பது இங்கே ஒரு விதத்தில் நன்மை கூட. இருபது வயதின் ஆவேசத்தை ஐம்பது வயதில் தொப்பையும் தொந்தியுமாக மேடையில் நடித்துக் காட்டும் அவலம் நேராமல் போயிற்று.

மூன்றாவது ஆட்சேபம்தான் எனக்கு முக்கியம். அதைச் சொல்கிறவர்கள் எதிரிகள் அல்ல, அனுதாபிகள். "இன்னும் பத்து வருஷம் இருந்திருந்தால் எவ்வளவோ செய்திருப்பார்களே!" என்கிறார்கள்.

1982-இல் அவர்கள் இருந்த நிலையைப் பாருங்கள். மூன்றாவது இசைத்தட்டு வந்தாயிற்று. அதே வருஷம் யோஹான் டோனர் என்பவர் அவர்களை வைத்து எடுத்த சினிமா வந்தாயிற்று. புறநகரில் ஆரம்பித்த பெயர் தேசமெங்கும் தெரிந்தாயிற்று. எந்த வியாபாரியும் கடையைப் பெரிதாக்கும் சமயம் அது. மறு வருஷம் கடை இல்லை! வியாபாரத்தின் கேட்டை எதிர்ப்போம் என்று பார்லிமெண்டு தீர்மானத்தில் எழுதியதை, மூன்று நான்கு பையன்கள் ஒரே செய்கையில் செய்து காட்டிவிட்டார்கள்.

இன்னும் பத்து வருஷம் என்று ஆசைப்படுகிறவர்கள், அந்தப் பத்து வருஷம் எப்படி இருந்திருக்கும் என்று யோசிக்க வேண்டும். எனக்கு அதை யோசிக்கச் சிரமமில்லை. தொடர்கதை எழுதும் தொழிலில் இருப்பவர்களுக்கு அது அன்றாடம் பழகிய சங்கதி. கதை இருபத்தைந்தாவது வாரத்தில் முடிந்துவிடுகிறது. கதாநாயகி எந்தக் கேள்வியோடு வீட்டை விட்டுக் கிளம்பினாளோ, அந்தக் கேள்விக்கு விடை கண்டுவிட்டாள். ஆனால் வாசகர் கடிதங்கள் வந்துகொண்டிருக்கின்றன; விற்பனையும் ஏறியிருக்கிறது. "இன்னும் பத்து வாரம் இழுங்கள், ஸார்" என்கிறார் ஆசிரியர். உடனே கதாநாயகிக்கு டைபாய்டு ஜுரம் வருகிறது. பம்பாயிலிருந்து எவரும் கேள்விப்பட்டிராத சித்தப்பா ஒருவர் வந்து இறங்குகிறார். தொலைந்துபோன கடிதம் ஒன்று தலையணைக்கு அடியில் அகப்படுகிறது. வாசகர்களுக்கு இது தெரியாது என்று ஆசிரியர் நினைக்கிறார். தெரியும். சித்தப்பா ரயிலை விட்டு இறங்கும்போதே அவர்களுக்குத் தெரிந்துவிடுகிறது. பழக்கத்தினால் படித்துக்கொண்டிருக்கிறார்கள். புத்தகமாக வந்தபிறகு, அந்தப் பத்து வாரம் முந்திய இருபத்தைந்து வாரத்தையும் சேர்த்துக் கெடுத்துவிடுகிறது.

பாட்டுக் கோஷ்டிக்கும் சித்தப்பாக்கள் உண்டு. முதல் தட்டிலே சொன்னதையே ஐந்தாவது தட்டிலும் சொல்வது. பழைய பாட்டின் ஆண்டு நிறைவுக்குச் சுற்றுப்பயணம் போவது. கோபம் போன இடத்தில் கோபத்தின் உடையை மட்டும் மாட்டிக்கொள்வது. இவையெல்லாம் அந்தச் சித்தப்பாக்கள்தான். "ஆயுள் நீளவில்லையே" என்று அழுகிறவர்கள், தெரிந்தோ தெரியாமலோ, இந்தச் சித்தப்பாக்களுக்கு டிக்கெட் வாங்கி அனுப்புகிறார்கள்.

"அப்படியானால் எல்லாரும் ஆறு வருஷத்தில் நிறுத்திவிட வேண்டும் என்கிறீரா?" என்று ஒருவர் மடக்கலாம். நான் அப்படிச் சொல்லவில்லை. ஆறு என்பதில் மந்திரம் எதுவுமில்லை. தோஸ்ட்ரோமையே எடுத்துக்கொள்ளுங்கள். எப்பா க்ரோன் முடிந்தபின் 1988 வரை இம்பேரியெத்தில் பாடினார். பிறகு தனியாகப் பாடினார். 1990-களில் வேறொரு கோஷ்டி அமைத்து, இயந்திர ஓசைகள் நிறைந்த வேறு வகை இசைக்குப் போனார். 2005-இல், ஸ்டாக்ஹோம் தென் புறநகர்த் தெரு ஒன்றின் பெயரையும் கதவு இலக்கத்தையும் தலைப்பாக வைத்து ஓர் இசைத்தட்டு வெளியிட்டார். 2021-இலும் புதுத் தட்டு வந்தது. அறுபது வயதைத் தாண்டியும் பாடுகிற மனிதர் அவர். இருபது வயதில் கத்திய இடத்தில் இப்போது மெதுவாக, கனத்த குரலில், பேசுவது போலப் பாடுகிறார். பாடுகிறவன் வளர்ந்துகொண்டே போக வேண்டுமானால், பழைய பெயர்ப் பலகையை அவ்வப்போது இறக்கி வைக்க வேண்டியிருக்கிறது. எப்பா க்ரோன் என்ற பலகையை அவர் 1983-இல் இறக்கவில்லை என்றால், ரசிகர்கள் அவரை 1979-இலேயே நிறுத்தி வைத்திருப்பார்கள். ரசிகர்களின் அன்பு அப்படிப்பட்டது. குழந்தை வளரக் கூடாது என்று நினைக்கிற பாட்டியின் அன்பு அது.

ஆகவே அற்பாயுசு என்று இரக்கப்படுகிறவர்களிடம் நான் ஒன்றுதான் கேட்டுக்கொள்கிறேன். கோஷ்டி எத்தனை வருஷம் இருந்தது என்று விசாரிப்பதை நிறுத்திவிட்டு, இருந்தபோது சொல்ல வேண்டியதைச் சொல்லிற்றா, வேறு யாரும் சொல்லாததைச் சொல்லிற்றா, சொல்லி முடித்ததும் இறங்கிற்றா என்று விசாரியுங்கள். எப்பா க்ரோன் இந்த மூன்றிலும் தேறிய கோஷ்டி. தங்கள் புறநகரைத் தங்கள் மொழியில் பாடினார்கள். தங்களுக்கு முந்தியவர்களின் பாட்டொன்றைச் செத்துப்போகாமல் கை மாற்றிக் கொடுத்தார்கள். கூட்டம் கூடிக்கொண்டிருக்கும்போதே மேடையை விட்டு இறங்கினார்கள். மூன்று பெரிய தட்டுகளும் சில சிறு தட்டுகளும் மிச்சம். ஒரு சாயங்காலத்தில் எல்லாவற்றையும் கேட்டு முடித்துவிடலாம்.

ஒரு சாயங்காலத்தில் கேட்டு முடிக்கிற அளவுக்குத்தான் அவர்கள் விட்டுப் போனார்கள் என்று இதையும் குறையாகச் சொல்ல வருகிறவர், தம் வீட்டு அலமாரியில் முழு வரிசையாக வாங்கி அடுக்கியிருக்கும் புத்தகங்களை ஒரு தடவை பார்க்கட்டும். அவற்றில் எத்தனையை ஒரு சாயங்காலமாவது எடுத்துப் புரட்டியிருக்கிறார் என்று எண்ணிவிட்டு, அதன் பிறகு என்னோடு வாதாட வரட்டும்.